மன அமைதி காட்டிய வழி
போர்வீரர் புனிதரான கதை

பீரங்கி முழங்கியது. குண்டு பறந்து வந்தது.

கோட்டையைக் காத்து நின்ற ஒரு வீரரின் வலது கால் எலும்பு நொறுங்கியது. இடது காலிலும் காயம். அவர் சுருண்டு விழுந்தார்.

இது நடந்தது 1521-ம் ஆண்டு மே 20-ந் தேதி. இடம், ஸ்பெயின் நாட்டில் உள்ள பாம்பலோனா. தாக்கியது பிரெஞ்சுப் படை.

அந்த வீரர்தான் பிற்காலத்தில் இயேசு சபையை நிறுவிய புனித இஞ்ஞாசியார்.

அழகுக்காக அறுவை

இஞ்ஞாசியார் 1491-ல் லொயோலா என்ற இடத்தில் பிறந்தார். பிரபு குடும்பம். அவர்தான் கடைசிப் பிள்ளை. வாள் வீச்சு, பகட்டான உடை, பேர், புகழ் இவைதான் அவருடைய ஆசைகள்.

பிரெஞ்சுக்காரர்களே அவருக்கு முதல் சிகிச்சை செய்து, வீட்டுக்கு அனுப்பி வைத்தார்கள்.

எலும்பு சரியாகக் கூடவில்லை. வைத்தியர்கள் மறுபடியும் எலும்பைப் பிரித்து வைத்துக் கட்டினார்கள். அப்படியும் முழங்காலுக்குக் கீழே ஓர் எலும்பு துருத்திக்கொண்டு நின்றது. அழகான பூட்சு போட முடியாதே என்று அதையும் அறுத்து எடுக்கச் சொன்னார். மயக்க மருந்து இல்லாத காலம் அது. பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருந்தார்.

ஆனாலும் கடைசி வரை அவர் நொண்டித்தான் நடந்தார்.

இரண்டு கனவுகள்

படுக்கையில் பொழுது போகவில்லை. வீர சாகசக் கதைகள் கேட்டார். வீட்டில் இருந்தவை ஏசுநாதர் வரலாறும், புனிதர்களின் வரலாறும்தான். வேறு வழியில்லாமல் அவற்றைப் படித்தார்.

மனதில் இரண்டு கனவுகள் மாறி மாறி வந்தன.

ஒன்று, உயர்குலச் சீமாட்டி ஒருத்திக்காக வீரச் செயல் புரிவது. மற்றொன்று, புனிதர்களைப் போல வெறுங்காலோடு ஜெருசலேமுக்குப் போவது.

நினைக்கும்போது இரண்டுமே இனித்தன. ஆனால் நினைத்து முடித்த பிறகு?

சீமாட்டியின் கனவு கலைந்ததும் மனம் வறண்டு போயிற்று. ஜெருசலேம் கனவு கலைந்த பிறகும் மகிழ்ச்சியும் அமைதியும் தங்கி நின்றன.

இந்த வேறுபாட்டை ஒரு நாள் அவர் கண்டுகொண்டார். அவருடைய வாழ்க்கை அன்றே திரும்பிற்று.

கழுதை எடுத்த முடிவு

ஆனாலும் பழைய கோபம் போகவில்லை. 1522-ல் பயணம் புறப்பட்டார். வழியில் ஒரு முஸ்லிம் பயணியோடு மாதாவைப் பற்றி வாக்குவாதம் வந்தது. பயணி முன்னே போய்விட்டார்.

விரட்டிப் போய்க் குத்துவதா, விட்டுவிடுவதா? இஞ்ஞாசியாருக்குப் புரியவில்லை. தாம் ஏறி வந்த கோவேறு கழுதையின் கடிவாளத்தைத் தளர விட்டார். கழுதை அந்தப் பயணி போன வழியில் போகவில்லை. வேறு பாதையில் நடந்தது. ஓர் உயிர் தப்பியது!

மனதைக் கேட்டு முடிவு செய்ய அவர் அப்போது இன்னும் கற்றுக்கொள்ளவில்லை.

மொன்செராத் மாதா கோவிலில் வாளைக் காணிக்கையாக வைத்தார். பிறகு மன்ரேசா என்ற ஊரில் பல மாதம் தவம் இருந்தார். பழைய பாவங்கள் அவரை வாட்டின. எத்தனை தடவை பாவசங்கீர்த்தனம் செய்தும் நிம்மதி இல்லை. உயிரை விட்டுவிடலாமா என்றுகூட எண்ணம் வந்தது. அந்த எண்ணங்கள் எங்கே கொண்டுபோய் விடுகின்றன என்று பார்த்தார். அவை கடவுளிடமிருந்து வந்தவை அல்ல என்று தெளிந்தார். பழையதைக் கிளறுவதை நிறுத்தினார். அமைதி வந்தது.

இனிப்பிலும் ஏமாற்றம்

தூங்கப் போகும் நேரத்தில் பக்திப் பரவசம் பொங்கி வரும். தூக்கம் கெடும். பகலெல்லாம் ஜெபத்துக்கு நேரம் இருக்க, இது ஏன் இரவில் வருகிறது என்று யோசித்தார். அதை ஒதுக்கிவிட்டுத் தூங்கினார்.

1524-ல் பார்சலோனாவில், 33 வயதில், சிறுவர்களோடு உட்கார்ந்து லத்தீன் படித்தார். புத்தகத்தைத் திறந்தால் தெய்வ சிந்தனைகள் இனிக்கும். படிப்பு ஓடாது. ஜெபத்தில்கூட வராத இனிமை பாடத்தில் வருவானேன்? இது படிப்பைக் கெடுக்க வந்த சோதனை என்று கண்டுகொண்டார். 2 ஆண்டுகள் வகுப்புக்குத் தவறாமல் வருவதாக ஆசிரியரிடம் வாக்குக் கொடுத்தார். சோதனை அகன்றது.

மனதுக்கு இனிப்பதெல்லாம் அமைதி அல்ல. கடமையைக் கெடுக்காமல், கடைசி வரை நிலைத்து நிற்பதே அமைதி. இதுதான் அவர் கற்ற பாடம்.

இதை அவர் எழுதி வைத்தார். 1548-ல் அச்சான ‘ஆன்மிகப் பயிற்சிகள்’ என்ற அந்த நூல் சொல்லும் வழிகள் எளியவை. மனம் கலங்கியிருக்கும்போது, தெளிவாக இருந்தபோது எடுத்த முடிவை மாற்றக்கூடாது. முன்பின் தெரியாத ஒருவர் இதே யோசனை கேட்டால் என்ன சொல்வோம் என்று எண்ணிப் பார்க்க வேண்டும். மரணப் படுக்கையில் இருந்தால் எந்த முடிவை எடுத்திருக்க விரும்புவோம் என்றும் நினைத்துப் பார்க்க வேண்டும்.

நண்பரின் பிரிவு

பாரிசில் படித்தபோது அவருடைய அறைத் தோழர் பிரான்சிஸ் சவேரியார். 1540-ல் இயேசு சபைக்குப் போப் ஆண்டவர் அங்கீகாரம் அளித்தார். அதே ஆண்டில் இந்தியாவுக்கு ஆள் அனுப்ப வேண்டி வந்தது. போக வேண்டியவர் நோயில் படுத்துவிட்டார். உயிர் நண்பர் சவேரியாரை அனுப்ப இஞ்ஞாசியார் முடிவு செய்தார்.

சவேரியார் 1542-ல் கோவா வந்தார். முத்துக்குளித்துறைப் பரதவர்களிடையே தொண்டு செய்தார். 1552-ல் சீனக் கரையோரம் இறந்தார். நண்பர்கள் மறுபடியும் சந்திக்கவே இல்லை.

கடைசிச் சோதனை

1555-ல் கராபா என்ற கர்தினால் போப் ஆண்டவர் ஆனார். அவருக்கும் இஞ்ஞாசியாருக்கும் முன்பே கருத்து வேற்றுமை உண்டு. செய்தி கேட்டதும் இஞ்ஞாசியாரின் உடம்பு நடுங்கிற்று. பாடுபட்டு வளர்த்த சபை என்ன ஆகுமோ?

அவர் யாரிடமும் எதுவும் பேசவில்லை. கோவிலுக்குள் போய் ஜெபம் செய்தார். சிறிது நேரத்தில் முகம் தெளிந்து வெளியே வந்தார். சபையே கலைந்து போனாலும், கால் மணி நேர ஜெபத்தில் மன அமைதி திரும்பிவிடும் என்பது அவருடைய நம்பிக்கை. சபை கலையவில்லை.

1556-ம் ஆண்டு ஜூலை 31-ந் தேதி ரோம் நகரில் இஞ்ஞாசியார் காலமானார். 1622-ல் அவருக்கும் சவேரியாருக்கும் ஒரே நாளில் புனிதர் பட்டம் கிடைத்தது.

ஒரு காலத்தில் கழுதையிடம் முடிவை விட்டவர், பிறகு ஆயிரக்கணக்கானவர்களுக்கு முடிவெடுக்கக் கற்றுக் கொடுத்தார். காரியம் சிறிதோ பெரிதோ, அவர் பார்த்தது ஒன்றைத்தான். ஆசை அடங்கிய பிறகு மனதில் மிச்சம் இருப்பது அமைதியா, கலக்கமா?