மாருதி எஞ்சினில் ஒரு பந்தயக் கார்

நம் பார்க்கிங்கில் ஒரு பழைய மாருதி 800 நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். வங்கியில் இருந்த காலத்தில் அந்தக் காருக்காக எத்தனையோ கடன் விண்ணப்பங்களைச் சரிபார்த்திருக்கிறேன். அதே எஞ்சினைப் பந்தயத்தில் ஓட விட்ட கோவை எஸ். கரிவரதனைப் பற்றித்தான் இந்த முறை உங்களுக்குச் சொல்லப் போகிறேன்.

1954-ல் பிறந்தவர். லட்சுமி மில்ஸ் குடும்பம். ராஜபாளையத்துக்குப் பக்கத்தில் இருக்கும் நமக்கு மில் குடும்பம் என்றால் என்ன என்று விளக்க வேண்டியதில்லை. நிர்வாகத்தைப் பார்த்துக்கொண்டு நிம்மதியாக இருந்திருக்கலாம். மனசெல்லாம் காரில் இருந்தது.

அந்த நாளில் பந்தயம் என்றால் சென்னைக்கு வடக்கே சோழவரம். இரண்டாம் உலகப் போர்க் காலத்து விமான ஓடுதளம் அது. 1953-ல் தொடங்கிய மெட்ராஸ் மோட்டார் ஸ்போர்ட்ஸ் கிளப் அங்கேதான் பந்தயம் நடத்தியது. பார்க்கப் பெருங்கூட்டம் வரும். ஓட்டுகிறவர்களோ வசதி படைத்த சிலர்தான். நல்ல பந்தயக் கார் வேண்டுமானால் வெளிநாட்டிலிருந்து வரவழைக்க வேண்டும். விஜய் மல்லையா ஃபார்முலா ஒன் காரையே கொண்டுவந்து ஓட்டினார். சம்பளக்காரர் வீட்டுப் பையன் என்ன செய்வான்?

கரிவரதனும் அங்கே ஓட்டியவர்தான். ஆனால் தான் ஜெயித்தால் போதும் என்று இருந்துவிடவில்லை. எண்பதுகளின் கடைசியில் கோவையிலேயே ஒற்றை இருக்கைப் பந்தயக் கார்களை வடிவமைத்துக் கட்டினார். பெயர் ஃபார்முலா மாருதி. மாருதியின் 796 சிசி, மூன்று சிலிண்டர் எஞ்சின். வீட்டுக் காரில் முன்னால் இருப்பதை இதில் ஓட்டுபவரின் முதுகுக்குப் பின்னால் வைத்தார். உதிரி பாகம் உள்ளூர்க் கடையிலேயே கிடைக்கும். எல்லாருக்கும் ஒரே வகைக் கார் என்பதால் அப்பாவின் பணம் ஜெயிக்காது, பையனின் கைத்திறன்தான் ஜெயிக்கும். கணக்குப் பார்த்தே பழகிய எனக்கு இந்த இடம்தான் ரொம்பப் பிடித்தது.

ஸ்ரீபெரும்புதூர் பக்கம் இருங்காட்டுக்கோட்டையில் 1990-ல் திறந்த தளத்தில் இந்தக் கார்கள் ஓடின. கோவைப் பையன் நரேன் கார்த்திகேயன் தன் முதல் பந்தயத்தை ஃபார்முலா மாருதியில்தான் ஓட்டினார். முதல் மூன்று இடங்களுக்குள் வந்தார்.

1995 ஆகஸ்டில் விமான விபத்தில் கரிவரதன் இறந்துபோனார். வயது நாற்பதைத்தான் தாண்டியிருந்தது. கோவை செட்டிபாளையத்தில் 2003-ல் திறந்த பந்தயத் தளத்துக்கு அவர் பெயரைத்தான் வைத்தார்கள்.

2005 மார்ச்சில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆஸ்திரேலியாவில் நரேன் ஃபார்முலா ஒன்னில் முதல் முறையாக ஓட்டினார். நம் நாட்டிலிருந்து அங்கே போன முதல் ஆள். காலைக் காபியைக்கூட ஆறவிட்டு டிவி முன்னால் உட்கார்ந்திருந்தேன். கரிவரதன் இருந்திருந்தால் அன்றைக்கு அவருக்கு வயது ஐம்பது.