நிலக்கரி வரியில் எழுந்த பேராலயம்

1697-ஆம் ஆண்டு இங்கிலாந்து நாடாளுமன்றம் இயற்றிய சட்டம் ஒன்றில் விநோதமான விதி இடம்பெற்றது. லண்டன் செயின்ட் பால் பேராலயத்தைக் கட்டிவந்த தலைமைக் கட்டடக் கலைஞரின் ஆண்டு ஊதியமான 200 பவுண்டில் பாதியை, பணி முடியும் வரை நிறுத்திவைக்க வேண்டும் என்பதே அந்த விதி. அடிக்கல் நாட்டி ஏறத்தாழ 22 ஆண்டுகள் ஆகியிருந்தன. குவிமாடம் இன்னும் எழவில்லை. ஊதியத்தில் கைவைத்தால் வேலை விரைவுபெறும் என்று உறுப்பினர்கள் கருதினர். அந்தக் கட்டடக் கலைஞர் சர் கிறிஸ்டோபர் ரென். அப்போது அவருக்கு வயது 64.

மேலைநாட்டுக் கட்டடக் கலையின் வரலாறு பெரும்பாலும் தூண்கள், வளைவுகள், குவிமாடங்கள் ஆகியவற்றின் வரலாறாகவே எழுதப்படுகிறது. நிலம் யாருடையது, பணம் யார் கொடுத்தது, எத்தனை ஆண்டுகள் கொடுத்தனர் என்னும் கேள்விகள் அடிக்குறிப்புகளில் ஒதுங்கிவிடுகின்றன. ஆனால், ரென்னின் வாழ்க்கையில் இந்தக் கேள்விகளே முன்னே வந்து நிற்கின்றன.

1632 அக்டோபர் 20-ஆம் நாள், வில்ட்ஷயர் பகுதியிலுள்ள ஈஸ்ட் நாயல் என்ற சிற்றூரில் ஒரு மதகுருவின் மகனாக ரென் பிறந்தார். தந்தை பின்னர் வின்ட்சர் ஆலயத்தின் தலைமைக் குருவானார். ரென்னின் பத்தாம் வயதில் உள்நாட்டுப் போர் மூண்டது. அரசரின் பக்கம் நின்ற அந்தக் குடும்பம் அதற்கான விலையைக் கொடுத்தது. ஆயராக இருந்த பெரியப்பா மேத்யூ ரென், லண்டன் கோபுரச் சிறையில் ஏறத்தாழ 18 ஆண்டுகளைக் கழித்தார்.

ஆக்ஸ்ஃபோர்டில் பயின்ற இளைஞர் ரென்னின் ஆர்வம் கணிதத்திலும் வானியலிலும்தான் இருந்தது. 1657-இல் லண்டன் கிரெஷம் கல்லூரியிலும், 1661-இல் ஆக்ஸ்ஃபோர்டிலும் வானியல் பேராசிரியரானார். மருத்துவர் தாமஸ் வில்லிஸ் மூளையின் அமைப்பைப் பற்றி எழுதி 1664-இல் வெளியிட்ட நூலுக்குப் படங்கள் வரைந்தார். நாய்களின் ரத்தக் குழாயில் மருந்தைச் செலுத்தும் சோதனைகளையும் செய்தார். 1660 நவம்பர் 28 அன்று அவர் ஆற்றிய உரைக்குப் பின் கூடிய அறிஞர்களின் கூட்டமே ராயல் சொசைட்டியின் தொடக்கமாயிற்று.

ஏறத்தாழ முப்பது வயது வரை அவர் ஒரு கட்டடத்தையும் வடிவமைத்ததில்லை. கட்டடக் கலை அன்று தனித் தொழிலாகக் கற்பிக்கப்படவும் இல்லை. கேம்பிரிட்ஜில் ஒரு சிற்றாலயமும், ஆக்ஸ்ஃபோர்டில் ஷெல்டோனியன் அரங்கமும் அவருடைய தொடக்ககாலப் பணிகள். நடுவே தூண்களின்றி சுமார் 70 அடி அகலத்தைக் கடந்த அந்த அரங்கின் கூரை, ஒரு கணித அறிஞர் மரச்சட்டங்களுக்குக் கண்ட விடை. 1665-இல் பாரிஸ் சென்ற ரென், அங்கே குவிமாடக் கட்டடங்களைக் கண்டார். இத்தாலியச் சிற்பி பெர்னினியையும் சந்தித்தார்.

அவர் நாடு திரும்பிய 1666-ஆம் ஆண்டின் செப்டம்பர் 2-ஆம் நாள், புட்டிங் லேன் என்ற சந்திலிருந்த ரொட்டிக் கடையில் பற்றிய தீ, நான்கு நாள்களில் லண்டன் நகரின் பெரும்பகுதியை விழுங்கியது. ஏறத்தாழ 13,200 வீடுகளும் 87 தேவாலயங்களும் பழைய செயின்ட் பால் பேராலயமும் எரிந்தன. தீ அடங்கிய சில நாள்களிலேயே, செப்டம்பர் 11 அன்று, புதிய நகருக்கான வரைபடத்தை மன்னர் இரண்டாம் சார்லஸிடம் ரென் அளித்தார். அகன்ற நேர்வீதிகள், அவை கூடுமிடங்களில் சதுக்கங்கள், ஆற்றங்கரையில் நீண்ட துறைமுகமேடை என ஐரோப்பா வியக்கும் நகரம் அந்தத் தாளில் இருந்தது.

அந்த நகரம் தாளிலேயே நின்றுவிட்டது. எரிந்தவை வீடுகள்தானே தவிர, மனைகளின் மீதான உரிமைகள் அல்ல. ஒவ்வொரு மனைக்கும் உரிமையாளர், குத்தகைதாரர், உள்குத்தகைதாரர் என்று பலர் இருந்தனர். நேர்வீதிகள் அமைக்க வேண்டுமானால் அனைவருடைய நிலத்தையும் கையகப்படுத்தி, அளந்து, இழப்பீடு தந்து, மறுபடியும் பங்கிட வேண்டும். அதற்குரிய பணமும் அரசிடம் இல்லை, காலமும் இல்லை. குளிர்காலம் நெருங்கியது, வணிகர்கள் நகரைவிட்டு வெளியேறிவிடுவார்களோ என்ற அச்சமும் இருந்தது.

அதற்கு மாறாக நடந்தது ஒரு பொருளியல் மாணவனுக்கு மிகவும் சுவையானது. வீடு எரிந்தாலும் வாடகை தரவேண்டும், திரும்பக் கட்டியும் தரவேண்டும் என்று பல குத்தகைப் பத்திரங்கள் குடியிருப்பவரைக் கட்டிப்போட்டிருந்தன. இந்த வழக்குகளைத் தீர்க்க ஒரு தனி நீதிமன்றம் அமைக்கப்பட்டது. கட்ட முன்வருபவருக்கு வாடகையைக் குறைத்தும், குத்தகைக் காலத்தை நீட்டித்தும் நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். 1667-ஆம் ஆண்டுச் சட்டம் வெளிச்சுவர்களைச் செங்கல்லாலோ கல்லாலோ கட்ட வேண்டும் என்றது. வீதியின் தரத்திற்கேற்ப வீடுகளை வகைப்படுத்தியது. பழைய வீதிகள் சற்றே அகலமாகி, பழைய இடங்களிலேயே மீண்டன. மறுகட்டுமானத்தை நெறிப்படுத்திய ஆறு ஆணையர்களுள் ரென்னும் ஒருவர். அவருடைய நண்பரும் இயற்பியல் அறிஞருமான ராபர்ட் ஹூக் மற்றொருவர்.

தன் கனவு நகரம் கைகூடவில்லை என்று ரென் ஒதுங்கிவிடவில்லை. 1669-இல், 36 வயதில், அரசக் கட்டடப் பணிகளின் தலைமை மேற்பார்வையாளரானார். அடுத்த சில பத்தாண்டுகளில் ஹூக் உள்ளிட்டோரின் துணையோடு 51 தேவாலயங்களைத் திரும்ப எழுப்பினார். அவற்றுள் பல, பிற கட்டடங்களுக்கு இடையே நெருக்குண்ட கோணல்மாணலான மனைகள். பழைய அடித்தளங்களை இயன்றவரை பயன்படுத்திச் செலவைக் குறைக்க வேண்டியிருந்தது. செயின்ட் ஸ்டீவன் வால்புரூக் ஆலயத்தில், ஒடுங்கிய மனைக்குள் எட்டு வளைவுகளின் மேல் ஒரு குவிமாடத்தை நிறுத்தி, உள்ளே நுழைபவர் இடநெருக்கடியை மறக்கும்படிச் செய்தார். வெளிப்புறம் வீடுகளால் மறைந்துபோகும் என்பதால் அலங்காரத்தை வானுக்கு உயர்த்தி, பல ஆலயங்களுக்கு வெவ்வேறு விதமான கூர்கோபுரம் அமைத்தார்.

அவருடைய அளவுகோல் எளிமையானது. ஆலயத்திற்கு வரும் ஒவ்வொருவருக்கும் போதகரின் முகம் தெரிய வேண்டும், குரல் கேட்க வேண்டும். மனிதக் குரல் முன்பக்கம் 50 அடியும், பக்கவாட்டில் 30 அடியும், பின்பக்கம் 20 அடியும் தெளிவாகச் செல்லும் என்று கணக்கிட்டு, 2,000 பேருக்கு மேல் கொள்ளும் ஆலயம் பயனற்றது என்ற முடிவுக்கு வந்தார்.

இத்தனைக்கும் பணம் எங்கிருந்து வந்தது? லண்டன் துறைமுகத்தில் வந்திறங்கிய நிலக்கரியிலிருந்து. 1667-இல் ஓர் அளவைக்கு ஒரு ஷில்லிங்காக இருந்த வரி, 1670-இல் மூன்று ஷில்லிங்காக உயர்ந்தது. அதில் பாதி தேவாலயங்களுக்கு. அந்தப் பாதியிலும் கால்பங்கு மட்டுமே பேராலயத்துக்கு. 1685-இல் வரி நீட்டிக்கப்பட்டபோதுதான் பேராலயத்தின் பங்கு உயர்ந்தது. நியூகாசிலிலிருந்து கப்பலில் வந்த நிலக்கரியை மாளிகைகளும் எரித்தன, கூலித் தொழிலாளியின் ஒற்றை அறையும் எரித்தது. வருமானத்தோடு ஒப்பிட்டால் ஏழையின் தோளிலேயே இந்த வரி அதிகம் அழுத்தியிருக்கும். மறைமுக வரிகளின் இந்த இயல்பு இன்றும் மாறவில்லை.

எனினும், இதை ரோமாபுரியோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். 1506-இல் தொடங்கிய புனித பேதுரு பேராலயத்திற்காகப் பாவமன்னிப்புச் சீட்டுகள் விற்கப்பட்டன. அந்த விற்பனை 1517-இல் மார்ட்டின் லூதரின் எதிர்ப்பைக் கிளப்பிக் கிறிஸ்தவ உலகையே பிளந்தது. பல கட்டடக் கலைஞர்களைக் கண்ட அந்தப் பணி 1626 வரை, 120 ஆண்டுகள் நீண்டது. லண்டன் பேராலயமோ 35 ஆண்டுகளில், ஒரே கலைஞரின் வாழ்நாளுக்குள் நிறைவெய்தியது. சட்டத்தால் விதிக்கப்பட்டு, ஆண்டுதோறும் தவறாமல் வந்த சிறு வரியே அதற்கு அடித்தளம். வரவிருக்கும் வரியைப் பிணையாகக் காட்டிக் கடன் திரட்ட முடிந்தது. பணம் முடங்கிய காலங்களில் கல்வேலை ஒப்பந்தக்காரர்களே வட்டிக்குக் கடன் கொடுத்துத் தங்கள் பணியைத் தாங்களே நடத்தினர்.

பேராலயத்தின் வடிவத்திலும் ரென் எளிதில் வெல்லவில்லை. 1673-இல் அவர் தீட்டிய பெருந்திட்டம், நான்கு பக்கமும் ஏறத்தாழ ஒத்த அமைப்புடன், நடுவே பெருங்குவிமாடம் கொண்டது. ஆறு மீட்டருக்கும் நீளமான அதன் மர மாதிரி இன்றும் பேராலயத்தில் உள்ளது. மரபான வழிபாட்டு முறைக்கு ஒவ்வாதது என்று மதகுருக்கள் மறுத்தனர். பகுதி பகுதியாகக் கட்டித் திறக்க இயலாது என்பது மற்றொரு தடை. 1675-இல் மன்னரின் ஒப்புதல் பெற்றது நீண்ட மண்டபமுடைய மரபான வடிவம். ஆனால், அலங்கார மாற்றங்களைச் செய்துகொள்ள ரென்னுக்கு அனுமதி இருந்தது. அந்தச் சிறு சலுகையைக் கொண்டு, கட்டுமானம் வளர வளரத் தன் குவிமாடத்தை அவர் திரும்பக் கொண்டுவந்தார். 1675 ஜூன் 21 அன்று அடிக்கல் நாட்டப்பட்டது. அவ்வாண்டு செப்டம்பரில் அவருடைய மனைவி ஃபெய்த் அம்மை நோயால் மறைந்தார். இரண்டாம் மனைவி ஜேனும் 1680-இல் காலமானார். வேலை நிற்கவில்லை.

தாமதத்திற்கு ரென்னின் மெத்தனம் காரணமன்று. வரி வருவாய் போதவில்லை. பிரான்ஸுடனான போர் குறுக்கிட்டது. 1696-இல் போர்ட்லண்ட் தீவில் ஏற்பட்ட நிலச்சரிவு கல் வரத்தைத் தடுத்தது. ஊதியத்தைப் பிடித்தால் வேலை நடக்கும் என்று எண்ணியவர்கள், குறை எங்கே இருந்தது என்பதை ஆராயவில்லை. ஊக்கத்தொகை, தண்டத்தொகை பற்றிப் பேசும் நிர்வாகங்கள் இன்றும் செய்யும் பிழை இது.

111 மீட்டர் உயரமுள்ள அந்தக் குவிமாடம் மூன்று அடுக்குகளால் ஆனது. உள்ளிருந்து பார்ப்பவர் காண்பது தாழ்வான செங்கல் குவிமாடம். வெளியிலிருந்து காண்பது ஈயத்தகடு போர்த்திய மரக் குவிமாடம். இரண்டுக்கும் இடையே யார் கண்ணுக்கும் தெரியாமல் நிற்கும் செங்கல் கூம்பு ஒன்றுதான் உச்சியிலுள்ள சுமார் 850 டன் எடையுள்ள கல்மாடத்தைச் சுமக்கிறது. தொங்கும் சங்கிலியின் வளைவைத் தலைகீழாக்கினால் உறுதியான வளைவு கிடைக்கும் என்ற ஹூக்கின் கருத்து இதில் பயன்பட்டது. அடிப்பகுதி விரிந்துவிடாதபடி இரும்புச் சங்கிலி வளைத்துக் கட்டியுள்ளது.

கட்டடக் கலை குறித்து ரென் எழுதிவைத்த சில கட்டுரைகள், அவர் மறைந்த பின் 1750-இல் அச்சேறின. அழகுக்கு இரு பிறப்பிடங்கள் உண்டு என்கிறார் அவர். ஒன்று வடிவகணிதத்திலிருந்து பிறக்கும் இயற்கையான அழகு; மற்றொன்று பழக்கத்தால் நம் கண்ணுக்கு இனிதாகும் அழகு. பழகியதையே சிறந்ததென்று எண்ணும் மயக்கம் குறித்து எச்சரிக்கிறார். பொதுக் கட்டடங்கள் மக்களை ஒரு நாட்டின்பால் ஈர்க்கின்றன, வணிகத்தை வளர்க்கின்றன, தாய்நாட்டின் மீது பற்றை உண்டாக்குகின்றன என்றும் அவர் கருதினார்.

1708-இல் உச்சியின் கடைசிக் கல்லை அவருடைய மகன் வைத்தார். 76 வயதை எட்டிய தந்தையால் அந்த உயரத்திற்கு ஏற இயலவில்லை. 1711-இல் பேராலயம் நிறைவெய்தியதாக நாடாளுமன்றம் அறிவித்த பிறகே, பிடித்துவைத்த ஊதியம் கைக்கு வந்தது. மொத்தச் செலவு ஏழு லட்சம் பவுண்டுக்கும் மேல். 1718-இல், 49 ஆண்டுகள் வகித்த பதவியிலிருந்து அவரை நீக்கி, வில்லியம் பென்சன் என்பவரை அரசு அமர்த்தியது. நன்றாக நின்ற பிரபுக்கள் சபைக் கட்டடம் விழப்போகிறது என்று தவறாக அறிக்கை தந்து, மறு ஆண்டே பென்சன் பதவி இழந்தார். ரென் யாரையும் எதிர்த்து நிற்கவில்லை. ஆண்டுக்கொரு முறை பேராலயத்திற்கு வந்து, குவிமாடத்தின் கீழ் அமர்ந்துவிட்டுச் செல்வார் என்பர். 1723 பிப்ரவரி 25 அன்று, 90 வயதில், நாற்காலியில் அமர்ந்தபடியே காலமானார். பேராலயத்தின் நிலவறையில், சிற்பங்கள் ஏதுமற்ற எளிய கல்லின் கீழ் அடக்கம் செய்யப்பட்டார்.

நிலக்கரி வரியால் எழுந்த அந்த வெண்கல் சுவர்களை அதே நிலக்கரியின் புகை கருமையாக்கியது. 2011-இல் நிறைவுற்ற தூய்மைப் பணிதான் அவற்றின் நிறத்தை மீட்டது. அடுப்பெரித்த ஒவ்வொரு லண்டன்வாசியும் அந்தக் குவிமாடத்திற்குத் தன் பங்கைச் செலுத்தியிருக்கிறார். அவர்களுடைய பெயர்கள் எந்தக் கல்லிலும் இல்லை. பொதுப்பணத்தைக் கையாளும் பொறுப்பிலிருப்போர் ரென்னிடம் கற்க வேண்டியது ஒன்றுண்டு: கிடைத்த மனை கோணலாக இருக்கலாம், வரும் பணம் துளித்துளியாக இருக்கலாம், பிறர் அடுப்பிலிருந்து வந்த காசு என்ற நினைவோடு, தொடங்கியதை முடிக்கும் வரை உடனிருப்பதே பொறுப்பு.