ஸ்ரீ நாராயண குரு ஸ்வாமிகள்

நம் மார்த்தாண்டம் திருவிதாங்கூர் ராஜ்யத்தைச் சேர்ந்திருந்த காலத்தில், அந்நாட்டு மக்களின் அறியாமையை அகற்றத் தோன்றிய பெரியாருள் ஸ்ரீ நாராயண குரு ஸ்வாமிகள் ஒருவர். அவர் 1856-ஆம் ஆண்டில் திருவனந்தபுரத்தை அடுத்த செம்பழந்தியில் ஈழவர் குலத்தில் பிறந்தார். வடமொழியோடு தமிழும் நன்கு கற்று, திருக்குறளின் சில பகுதிகளை மலையாளத்தில் பெயர்த்தார். இளமையிலேயே துறவு பூண்டு, நாஞ்சில் நாட்டு மருந்துவாழ்மலைக் குகையில் தவமிருந்தார்.

ஆன்மா ஒன்றே என்னும் அத்வைதத்தை ஏட்டில் ஒப்பியவர்கள் பலர். அவருள்ளும் வீதியில் தீண்டாமை பாராட்டினோர் உளர். ஸ்வாமிகளோ ஏட்டிற்கும் வீதிக்கும் வேற்றுமை வைத்திலர். 1888-ஆம் ஆண்டு சிவராத்திரியன்று, நெய்யாற்றங்கரையை அடுத்த அருவிப்புரத்தில், ஆற்றிலிருந்து எடுத்த கல்லையே சிவலிங்கமாகப் பிரதிஷ்டை செய்தார். பிரதிஷ்டை அந்தணர்க்கே உரியது என்ற கட்டு அன்று தளர்ந்தது.

பின்னர் அவர் மூடவழக்கங்களைக் களையப் புகுந்தார். உயிர்ப்பலியும் கள்ளும் படைத்து வணங்கப்பெற்ற சிறு தெய்வங்களைப் பல ஊர்களில் அகற்றுவித்தார். சிறுமியர்க்குப் பெயரளவில் தாலி கட்டும் சடங்கையும், பூப்பு நீராட்டு விழாவையும் வீண் செலவென்று விலக்கினார். அச்சடங்குகளுக்காகக் கடன்பட்டு நிலமிழந்த குடும்பங்கள் பல. அப்பணம் பிள்ளைகளின் கல்விக்கும் தொழிலுக்கும் ஆகவேண்டுமென்பது அவர் கருத்து. 1927-ஆம் ஆண்டில் சேர்த்தலையை அடுத்த களவங்கோட்டில் அவர் பிரதிஷ்டை செய்ததோ, ஒரு கண்ணாடி! தெய்வத்தைக் காண வந்தவன் தன்னையே கண்டான். அத்வைதத்தை இதனினும் எளிதாக விளக்குதல் அரிது.

இனி, சங்கத்தாராகிய நாம் சிந்திக்கவேண்டிய செய்தி ஒன்றுண்டு. 1903-ஆம் ஆண்டில் டாக்டர் பல்பு, குமாரன் ஆசான் முதலியோர் முயற்சியால் ஸ்ரீ நாராயண தர்ம பரிபாலன யோகம் அமைந்தது; ஸ்வாமிகளே தலைவர். ஆயினும் அதனுள் சாதி அபிமானம் பெருகக் கண்டு வருந்தி, 1916-ஆம் ஆண்டில் தமக்கும் யோகத்திற்கும் தொடர்பில்லையென்று டாக்டர் பல்புவுக்கு எழுதினார். தாம் எச்சாதியையும் சேர்ந்தவரல்லர் என்றும் அவ்வாண்டிலேயே யாவரும் அறிய வெளியிட்டார். தம் பெயரால் எழுந்த சங்கத்தையே இவ்வாறு கண்டித்தவர், நம் சங்கத்தை மட்டும் கண்டியாது விடுவாரோ?

1928-ஆம் ஆண்டு செப்டம்பர் 20-ஆம் நாள் வர்க்கலைச் சிவகிரியில் அவர் சமாதியடைந்தார். ஏழைப் பிள்ளைகளைப் படிக்கவைக்கவும், கைவிடப்பட்டோரைத் தாங்கவும் நாம் கூடுவது நன்றே. பிறரினும் நாம் உயர்ந்தோர் என்னும் செருக்கிற்காகக் கூடுவோமாயின், அவர் படத்திற்கு மாலையிடும் உரிமை நமக்கில்லை. நம் இல்லங்களில் கடன்பட்டுச் செய்யும் சடங்கொன்றையேனும் இவ்வாண்டு நிறுத்தி, அப்பணத்தை ஒரு பிள்ளையின் கல்விக்கு அளிப்போமாக. அதுவே அவருக்கு நாம் செய்யும் மெய்யான பூசையாம்.