மொழிபெயர்ப்பறிஞர் பப்ரிசியஸ்

கடல் கடந்து வந்து தமிழ்மொழிக்குத் தொண்டாற்றிய மேலைநாட்டறிஞர் பலராவர். 1606ஆம் ஆண்டில் மதுரை மாநகரை அடைந்து, தமிழும் வடமொழியும் பயின்று, உரைநடை நூல்கள் பல இயற்றியவர் தத்துவ போதகர். தேம்பாவணி பாடிப் புகழ் கொண்டவர் வீரமாமுனிவர். திராவிட மொழிகளின் உறவை ஒப்பிலக்கணத்தால் விளக்கியவர் கால்டுவெல். இவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர் பப்ரிசியஸ் என்னும் பெரியார். இவர் செமித்திய மொழிகளில் எழுந்த பழம்பெரும் நூலொன்றைத் தமிழாக்கும் பணியில் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டார். ஒரு சொல்லை வேறொரு மொழிக்குக் கொண்டு செல்வது எத்துணை அரிய செயல் என்பதற்கு அவர் வாழ்க்கையே சான்றாகும்.

இளமையும் கல்வியும்

யோகான் பிலிப் பப்ரிசியஸ் 1711ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 22ஆம் நாள் செருமனி நாட்டில், பிராங்க்பர்ட் நகருக்கு அண்மையிலுள்ள கிளீபெர்க் என்னும் ஊரில் பிறந்தார். முதலில் கீசென் பல்கலைக்கழகத்தில் சட்டம் பயின்றார். பின்னர் அவர் உள்ளம் சமயநூற் கல்வியை நாடியது. எனவே, ஹாலே நகரத்துப் பல்கலைக்கழகத்தை அடைந்தார்.

ஹாலே நகரம் அந்நாளில் கீழைமொழிக் கல்விக்குப் பெயர்பெற்று விளங்கிற்று. 1702ஆம் ஆண்டில் பிராங்கே என்னும் சான்றோர் அங்குக் கீழைமொழிக் கழகம் ஒன்றை நிறுவினார். எபிரேயம், அரமேயம், சுரியானி, அரபு, எதியோப்பியம் முதலிய மொழிகள் அங்குக் கற்பிக்கப்பட்டன. அக்கழகத்தை நடத்திய மிக்கேலிஸ் என்னும் பேராசிரியர் பழைய கையெழுத்துப் படிகளை ஒப்பு நோக்கி, எபிரேய விவிலியத்தின் சிறந்த பதிப்பொன்றை 1720ஆம் ஆண்டில் வெளியிட்டார். ஒரு நூலின் பொருளை உணர வேண்டுமாயின், அந்நூல் எழுந்த மொழியிலேயே அதனைக் கற்றல் வேண்டும். ஐயம் நேர்ந்தவிடத்து இனமொழிகளையும் நோக்குதல் வேண்டும். இந்நெறியே ஹாலே நகரத்துக் கல்வியின் உயிர்நாடி. பப்ரிசியஸின் பிற்காலப் பணிக்கு இதுவே அடிப்படையாயிற்று.

செமித்திய மொழிக் குடும்பம்

தமிழும் மலையாளமும் கன்னடமும் தெலுங்கும் ஒரு குடும்பத்தைச் சேர்ந்தவை. அதுபோலவே எபிரேயம், அரமேயம், அரபு, பினீசியம், அக்காதியம் முதலியவை செமித்தியக் குடும்பத்தைச் சேர்ந்தவை. இம்மொழிகளில் பெரும்பாலான சொற்களின் வேர் மூன்று மெய்யெழுத்துகளால் ஆயது. அம்மெய்களினிடையே உயிரொலிகள் மாறிமாறி வந்து வெவ்வேறு சொற்களை ஆக்கும். அமைதியைக் குறிக்கும் சொல் எபிரேயத்தில் ஷாலோம் எனவும், அரமேயத்தில் ஷெலாம் எனவும், அரபியில் சலாம் எனவும் வழங்கும். அரசனைக் குறிக்கும் சொல் முறையே மெலெக், மல்கா, மலிக் என அமையும். இவற்றில் உயிரொலி வேறுபட்டாலும் மெய்கள் மாறாதிருத்தலைக் காணலாம். பண்டைக் காலத்தில் இம்மொழிகளைப் பெரும்பாலும் மெய்யெழுத்துகளாலேயே எழுதினர். ஆதலின், படிப்போர் இடம் நோக்கி உயிரொலியைத் தாமே உய்த்துணர வேண்டியிருந்தது.

இவற்றுள் அரமேயம் வியத்தகு வரலாறு உடையது. ஏறத்தாழ 2,500 ஆண்டுகளுக்கு முன்னர்ப் பாரசீகப் பேரரசின் அரசாங்க அலுவல்களில் அம்மொழியே வழங்கிற்று. அதன் ஆட்சி இந்தியாவின் வடமேற்கு எல்லையையும் எட்டியது. அசோக மன்னர் தம் அறவுரையைக் கிரேக்கத்திலும் அரமேயத்திலும் பொறித்து வைத்த கல்வெட்டொன்று, ஆப்கானிஸ்தானத்தைச் சேர்ந்த காந்தகாரில் 1958ஆம் ஆண்டில் அறியப்பெற்றது. கேரளத்துச் சுரியானிக் கிறித்தவரின் வழிபாட்டில் இடம்பெற்ற சுரியானி மொழியும் அரமேயத்தின் ஒரு வடிவமே.

விவிலியத்தின் பழைய ஏற்பாடு பெரும்பாலும் எபிரேய மொழியில் அமைந்தது. எனினும், தானியேல், எஸ்றா என்னும் நூல்களின் சில பகுதிகள் அரமேயத்தில் உள்ளன. ஆதியாகமத்தில் வரும் நிகழ்ச்சி ஒன்று இவ்விரு மொழிகளின் உறவை அழகுறக் காட்டுகிறது. மாமனாகிய லாபானும் மருகனாகிய யாக்கோபும் உடன்படிக்கை செய்துகொண்டு, அதற்கு அடையாளமாகக் கற்களைக் குவித்தனர். அக்குவியலுக்கு மாமன் அரமேயத்தில் ஒரு பெயரிட்டான். மருகன் எபிரேயத்தில் ஒரு பெயரிட்டான். இரண்டிற்கும் பொருள் ஒன்றே. சான்றாக நிற்கும் குவியல் என்பதே அது. மொழிபெயர்ப்பவன் இரண்டையும் தன் மொழியிலேயே பெயர்த்துவிட்டால் இரு மொழிகளின் வேறுபாடு மறையும். இரண்டையும் ஒலியளவில் எழுதிவிட்டால் படிப்பவனுக்குப் பொருள் மறையும். இத்தகைய இடர்கள் பக்கந்தோறும் எதிர்ப்படும் நூலையே பப்ரிசியஸ் தமிழாக்கத் துணிந்தார்.

தமிழகத்தில் தொடங்கிய பணி

பப்ரிசியஸ் 1740ஆம் ஆண்டில் தரங்கம்பாடியை வந்தடைந்தார். தமிழைக் கருத்தூன்றிக் கற்றார். 1742ஆம் ஆண்டில் சென்னைக்கு அனுப்பப்பெற்றார். அதன்பின் ஏறத்தாழ 50 ஆண்டுகள் தமிழகத்திலேயே வாழ்ந்தார். பிறந்த நாட்டிற்குத் திரும்பவேயில்லை. மணம் செய்துகொள்ளவும் இல்லை.

அவருக்கு முன்னரே சீகன்பால்கு என்பவர் புதிய ஏற்பாட்டைத் தமிழில் பெயர்த்து 1715ஆம் ஆண்டிற்குள் தரங்கம்பாடியில் அச்சிட்டிருந்தார். பழைய ஏற்பாட்டில் ரூத்து என்னும் நூல் வரையில் பெயர்த்த நிலையில் அவர் 1719இல் காலமானார். எஞ்சியதைச் சூல்ச் என்பவர் 1728இல் நிறைவு செய்தார். முன்னோர் செய்த அப்பணி போற்றத்தக்கது. ஆயினும், அவ்வுரைநடை தெளிவும் செறிவும் குறைந்து, தமிழ்ச் செவிக்கு இனிமை பயவாததாக இருந்தது. பப்ரிசியஸ் அதனை ஒட்டுப்போட்டுத் திருத்துவதோடு நின்றுவிடவில்லை. மூலமொழியை மீண்டும் ஆராய்ந்து, முழு நூலையும் புதிதாக அமைக்க முற்பட்டார்.

அவர் இருவகை ஆசிரியர்களைக் கொண்டிருந்தார் எனலாம். ஒருபுறம் எபிரேய மூலநூல் அவருக்கு ஆசிரியராயிற்று. மறுபுறம் தமிழ் மக்களே ஆசிரியராயினர். தாம் எழுதியதைத் தமிழறிந்தார் முன்னிலையில் படித்துக் காட்டுவார். கல்லாதவரையும் அழைத்துக் கேட்கச் செய்வார். கேட்டவர்க்குப் பொருள் விளங்காவிடின் மீண்டும் திருத்துவார். முழந்தாளிட்ட வண்ணமே அவர் மொழிபெயர்த்தார் என்று வழிவழியாகக் கூறுவர். ஒவ்வொரு சொல்லையும் அவர் எத்துணை அச்சத்தோடும் பணிவோடும் கையாண்டார் என்பதை இச்செய்தி உணர்த்துகிறது.

அரமேயச் சொற்கள் சில தமிழ் விவிலியத்தில் எப்பத்தா, தலீத்தாகூமி எனத் தமிழெழுத்திலேயே நிற்கின்றன. அவற்றின் அருகிலேயே பொருளும் தரப்பட்டுள்ளது. தந்தையைக் குறிக்கும் அரமேயச் சொல் அப்பா என்பதேயாகும். தமிழ்ச் சொல்லோடு அது ஒலியால் ஒத்திருப்பினும், இரண்டும் உறவுடைய மொழிகள் அல்ல. குழந்தையின் மழலையில் எளிதில் பிறக்கும் ஒலிகள் பல நாடுகளில் தாய் தந்தையரைக் குறிக்கும் பெயர்களாயின. ஒலியொற்றுமையைக் கண்ட அளவில் மயங்காது வேரை நாடுவதே மொழியாராய்ச்சிக்கு அழகு.

போரும் அச்சுக்கூடமும்

பணி அமைதியாக நடைபெறவில்லை. 1746இல் பிரெஞ்சுப்படை சென்னையைக் கைப்பற்றியது. 1758ஆம் ஆண்டின் இறுதியில் லாலி என்னும் படைத்தலைவர் மீண்டும் அந்நகரை முற்றுகையிட்டார். பப்ரிசியஸ் வாழ்ந்த வேப்பேரி கொள்ளையிடப்பட்டது. அவர் ஒல்லாந்தர் வசமிருந்த பழவேற்காட்டில் அடைக்கலம் புகுந்தார். போர் ஓய்ந்ததும் விட்ட இடத்திலிருந்து பணியைத் தொடர்ந்தார்.

போரினால் எதிர்பாராத நன்மையொன்றும் விளைந்தது. 1761இல் ஆங்கிலேயர் புதுச்சேரியைக் கைப்பற்றியபோது, அங்கிருந்த அச்சுப்பொறியைச் சென்னைக்குக் கொணர்ந்தனர். அதனை இயக்க வல்லார் தேவைப்பட்டமையின், அது பப்ரிசியஸிடம் ஒப்படைக்கப்பட்டது. அரசாங்கத்திற்கு வேண்டியவற்றை அச்சிட்டுத் தருதல் வேண்டும் என்பது கட்டளை. இவ்வாறு வேப்பேரியில் அச்சுக்கூடம் அமைந்தது. 1772இல் அவருடைய புதிய ஏற்பாடு வெளிவந்தது. பழைய ஏற்பாடு பகுதி பகுதியாக அச்சேறி, அவர் மறைவிற்குப் பின்னர் 1796இல் நிறைவெய்தியது.

மொழிபெயர்ப்பிற்காகத் திரட்டிய சொற்செல்வத்தையும் அவர் வீணாக்கவில்லை. பிரெய்த்தாப்ட் என்பவருடன் சேர்ந்து, ஏறத்தாழ 9,000 சொற்கள் அடங்கிய தமிழ்–ஆங்கில அகராதியை 1779இல் வெளியிட்டார். அதுவே பிற்காலத்தில் விரிவாக்கப்பட்டுத் தரங்கம்பாடி அகராதி எனப் பெயர் பெற்றது.

இறுதிக் காலம்

நிறைகளை மட்டும் கூறிக் குறைகளை மறைப்பது வரலாறாகாது. சொல்லை எடைபோடுவதில் வல்லவராகிய பப்ரிசியஸ், பணத்தையும் மனிதரையும் எடைபோடுவதில் வல்லவரல்லர். தம்மை நம்பிப் பிறர் ஒப்படைத்த பொருளைச் செல்வாக்குடையோர்க்குக் கடனாகக் கொடுத்தார். அப்பொருள் திரும்பவில்லை. நம்பியவர் இழப்புக்குள்ளாயினர், அவரும் முதுமையில் கடனுக்காகச் சிறை புக நேர்ந்தது. 1788இல் அவருடைய பொறுப்புகளைக் கெரிக்கே என்பவர் ஏற்றுக்கொண்டார். 80 வயது நிரம்பிய மறுநாள், 1791ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 23ஆம் நாள், பப்ரிசியஸ் சென்னையில் இயற்கை எய்தினார்.

கடன் அவர் பெயருக்கு இழுக்கைத் தேடிற்று. அவர் ஆக்கிய நூல்களோ அழியாது நின்றன. 1871இல் வெளிவந்த திருத்திய தமிழ் விவிலியம் அவருடைய மொழிபெயர்ப்பையே பெரிதும் தழுவி அமைந்தது. சென்னை புரசைவாக்கத்தில் பள்ளியொன்று அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

பிறமொழி கற்பது தாய்மொழியை மறப்பதற்கன்று. தொலைவிலுள்ள மொழியின் வேரையும், கேட்போர் வாயில் வழங்கும் சொல்லையும் ஒருங்கே அறிந்தவனே இரு மக்களிடையே பாலம் அமைக்க வல்லவன். மாணவர்கள் பப்ரிசியஸின் பொருள் வாழ்வில் எச்சரிக்கையையும், மொழி வாழ்வில் விடாமுயற்சியையும் பாடமாகக் கொள்ளுதல் நலம் பயக்கும்.