கற்பிட்டி தந்த காசிச்செட்டி

புத்தளக் கடலேரிக்கும் பெருங்கடலுக்கும் இடையே வடக்கு நோக்கி நீண்டு கிடக்கும் கற்பிட்டிக் குடாநாட்டிலே ஒல்லாந்தர் கட்டிய கோட்டையொன்று இன்றும் நிற்கின்றது. 1667ஆம் ஆண்டில் வேலை தொடங்கி 1676ஆம் ஆண்டில் முடிவெய்திய அக்கோட்டை, கடலால் வரும் பகைவரைத் தடுப்பதற்கு மட்டும் எழுந்ததன்று. புத்தளத் துறையின் வழியாகக் கண்டி மன்னர் நடத்திவந்த வாணிகத்தின் வாசலை அடைப்பதும் அதன் நோக்கமாகும். வாசலைப் பிடித்தவனுக்கு வீடு வெகுதூரமில்லை என்பதை ஒல்லாந்தர் நன்கு அறிந்திருந்தனர். அந்தக் கோட்டை நிற்கும் கற்பிட்டியிலே, 1807ஆம் ஆண்டு மார்ச் மாதம் 21ஆந் தேதி பிறந்தவர் சைமன் காசிச்செட்டி அவர்கள். இலங்கையின் ஊர்களை நூலாக்கியவர், தமிழ்ப் புலவர்களின் சரிதங்களைத் திரட்டியவர், சட்டநிரூபண சபையில் தமிழர் பிரதிநிதியாக வீற்றிருந்தவர் என்றெல்லாம் அறிஞர் உலகம் அன்னாரை அறியும். நம் கரையோரத்து மக்களோ அவர் பெயரை ஏறக்குறைய மறந்தே போயினர்.

சமயப் பெரியார்களின் சரிதங்களையே நமது ஆண்டு மலரில் வாசித்துப் பழகிய பெரியோர்கள், கிறிஸ்தவரும் ஆங்கில அரசாங்கத்தின் உத்தியோகத்தருமாகிய ஒருவரின் வரலாறு இங்கே இடம்பெறுவது ஏனென்று கேட்கக்கூடும். கேள்வி நியாயமானதே. விடை அவர் வாழ்க்கையிலேயே இருக்கின்றது. அதனை உணர வேண்டுமாயின், அவர் பிறந்தபோது நம் கரை எவர் கையிலே, எவ்வாறு போயிருந்தது என்பதை முதலில் அறிந்துகொள்ளல் வேண்டும்.

ஐரோப்பியர் பீரங்கியால் நாடு பிடித்தனர் என்றே நாம் பொதுவாக எண்ணுகின்றோம். அது பாதி உண்மை. மற்றப் பாதி காகிதம். கோட்டை இராச்சியத்தின் மன்னனாகிய தொன் யுவான் தர்மபாலன், 1580ஆம் ஆண்டில் தன் இராச்சியத்தைப் போர்த்துக்கல் மன்னனுக்கு நன்கொடையாக எழுதி வைத்தான். 1597ஆம் ஆண்டில் அவன் இறந்ததும், அந்தச் சாசனத்தைக் காட்டி, சிலாபம் உள்ளிட்ட மேற்குக் கரை தமக்கு வந்த முதுசொம் என்று பரங்கியர் உரிமை கொண்டாடினர். பெட்டியைக் கொடுப்பதுபோல ஒரு நாட்டையும் அதில் வாழும் குடிகளையும் ஒருவன் எழுதிக் கொடுக்கலாமா என்று எவரும் கேட்கவில்லை. அவர்கள் காலத்திலேயே முன்னேஸ்வரத் திருக்கோயிலும் இடிபட்டது. 1753ஆம் ஆண்டிலே கண்டி மன்னன் கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கன் அதனைத் திருப்பணி செய்வித்து மானியமும் வழங்கினான்.

பின் வந்த ஒல்லாந்தரின் காகிதம் வேறு விதமானது. 1638ஆம் ஆண்டில் இரண்டாம் இராஜசிங்கன் பரங்கியரைத் துரத்துவதற்காக அவர்களோடு உடன்படிக்கை செய்து, யுத்தச் செலவைத் தான் கொடுப்பதாக ஒப்புக்கொண்டான். 1658ஆம் ஆண்டில் பரங்கியர் போயினர், ஒல்லாந்தரோ போகவில்லை. கடன் தீரும்வரை கோட்டைகள் ஈடு என்றனர். அந்தக் கடன் கணக்கு எக்காலமும் தீரவில்லை. 1766ஆம் ஆண்டின் உடன்படிக்கையோடு இத்தீவின் கரை முழுவதும் அவர்களுக்காயிற்று. புத்தளத் துறையும் மன்னன் கையைவிட்டுப் போயிற்று. 1795ஆம் ஆண்டில் ஆங்கிலேயர் வந்தபோது அவர்கள் கையிலும் ஒரு காகிதம் இருந்தது. பிரெஞ்சுக்காரருக்கு அஞ்சி இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்த ஒல்லாந்தத் தலைவர், கோட்டைகளை ஆங்கிலேயரிடம் ஒப்படைக்குமாறு எழுதிய நிருபம் அது. காவலுக்கென வந்தவர்கள் 1802ஆம் ஆண்டில் இக்கரைகளைத் தங்கள் முடிக்குரிய குடியேற்ற நாடாக்கிக்கொண்டனர். நன்கொடை, கடன், காவல் என்று பெயர்கள் மாறின. கற்பிட்டியில் வலை வீசியவனையோ புத்தளத்தில் உப்பு அள்ளியவனையோ எவரும் ஒரு வார்த்தை கேட்டதில்லை என்பது மட்டும் மாறவேயில்லை.

பிடிப்பது ஒன்று, ஆள்வது வேறொன்று. சில நூறு வெள்ளையர் பல இலட்சம் மக்களை ஆள வேண்டுமாயின், எந்த நிலம் யாருடையது, எந்தச் சாதியாருக்கு என்ன வழமை, எவர் என்ன வரி கொடுப்பர் என்றெல்லாம் அறிந்தாக வேண்டும். ஆகவே ஒல்லாந்தர் தோம்பு என்னும் பதிவேடுகளில் நிலங்களையும் குடிகளையும் எழுதினர். யாழ்ப்பாணத்துத் தேசவழமையை 1707ஆம் ஆண்டில் தொகுப்பித்தனர். ஆங்கிலேயர் அதனை 1806ஆம் ஆண்டில் சட்டமாக ஏற்றனர். இவ்வளவுக்கும் நம்மவரின் துணை இன்றியமையாததாயிற்று. முதலியார், மணியகாரர், மொழிபெயர்ப்பாளர் என்போர் இல்லையேல் கச்சேரியும் இல்லை, நீதிமன்றமும் இல்லை. வழக்காளியின் வாய்மொழியைத் துரையின் காதுக்கும், துரையின் தீர்ப்பை வழக்காளியின் காதுக்கும் கொண்டு செல்பவன் கையிலே எத்துணை அதிகாரம்! அத்துணை சோதனையும் உண்டு.

இந்த வாசலாலேதான் காசிச்செட்டி அவர்கள் உள்ளே புகுந்தார். கொழும்புச் செட்டி மரபிலே தோன்றிய அவர், பதினேழு வயதளவில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராக அரசாங்க சேவையிற் சேர்ந்தார். தமிழும் சிங்களமும் ஆங்கிலமும் தொழிலுக்குப் போதுமானவை. அவரோ அவற்றோடு நில்லாமல் போர்த்துக்கேயம், ஒல்லாந்தம், சமஸ்கிருதம், அரபு முதலிய மொழிகளிலும் பயிற்சி பெற்றார். பின்னர் புத்தளத்து மணியகாரராக உயர்ந்தார். வரி திரட்டுவதும் கட்டளைகளை ஊருக்கு அறிவிப்பதும் மணியகாரரின் கடமை. அக்கடமையின் பொருட்டு ஊர் ஊராகச் சென்ற பலர் பணத்தோடு திரும்பினர். இவர் ஊர்களின் கதைகளோடு திரும்பினார்.

அதன் பயனாக 1834ஆம் ஆண்டிலே, இருபத்தேழாவது வயதில், சிலோன் கசற்றியர் என்னும் ஆங்கில நூலை அவர் வெளியிட்டார். இலங்கையின் மாகாணங்கள், பட்டினங்கள், ஊர்கள், துறைமுகங்கள், ஆறுகள், குளங்கள் ஆகியவற்றை அகராதி வரிசையில் எடுத்துரைக்கும் பெருநூல் அது. ஆளுவோருக்கு அது மிகப் பயன்பட்டது என்பதை மறுப்பதற்கில்லை. தெரியாத நாட்டை ஆள வந்தவனுக்குத் தெரிந்த ஒருவன் விளக்குப் பிடித்தான் என்றும் கூறலாம். ஆயினும் அதே நூலிலே நம் ஊர்ப் பெயர்களும், பழைய இராசதானிகளும், கோயில்களும், மக்களின் வழமைகளும் இந்நாட்டான் ஒருவனின் எழுத்தால் நிலைபெற்றன. தோம்பிலே மனிதன் வரி கொடுப்பவனாக மட்டுமே தெரிவான். கசற்றியரிலோ அவனுக்கு ஒரு வரலாறும் உண்டு.

அக்காலத்தில் ஆட்சி முறையும் மாறத் தொடங்கியிருந்தது. கோல்புறூக், கமரன் என்னும் விசாரணைத் தலைவர்களின் ஆலோசனைப்படி, 1832ஆம் ஆண்டில் இராசகாரியம் என்னும் கட்டாய ஊழியம் ஒழிந்தது. 1833ஆம் ஆண்டில் சட்டநிரூபண சபை அமைந்தது. பதினைந்து அங்கத்தவரில் ஒன்பதின்மர் அரசாங்க உத்தியோகத்தர். எஞ்சிய அறுவரில் மூவர் ஐரோப்பியர். சிங்களவர், தமிழர், பறங்கியர் ஆகிய இனங்களுக்கு ஒவ்வொருவர். இவர்களும் மக்கள் தெரிந்தெடுத்தவர்களல்லர், தேசாதிபதி நியமித்தவர்களே. முதல் தமிழ் அங்கத்தவராகிய குமாரசுவாமி அவர்கள் 1836ஆம் ஆண்டில் காலமானார். 1838ஆம் ஆண்டில், மக்கென்சி தேசாதிபதியாயிருந்த காலத்தில், காசிச்செட்டி அவர்கள் அவ்விடத்துக்கு நியமனம் பெற்றார். கொழும்பும் யாழ்ப்பாணமும் இருக்க, இலங்கைத் தமிழருக்காகப் பேசும் ஆசனத்தில் கற்பிட்டியின் மகன் அமர்ந்தமை நம் கரைக்குப் பெருமையே.

ஆனால் அந்த ஆசனத்தின் வலு எவ்வளவு? அவர் சபையிலிருந்த காலத்திலே 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் நிறைவேறிற்று. காடுகள், தரிசுகள், பயிரிடாத நிலங்கள் யாவும், வேறுவிதமாக நிரூபிக்கப்படும்வரை முடிக்குரியனவே என்று அச்சட்டம் கொண்டது. பாட்டன் காலந்தொட்டு மாடு மேய்த்த வெளிக்கும் விறகு வெட்டிய காட்டுக்கும் உறுதி காட்டு என்றால் ஏழைக் குடியானவன் எதைக் காட்டுவான்? காட்ட முடியாத நிலங்கள் முடியின் வசமாகி, மலைநாட்டிலே கோப்பித் தோட்டங்களாயின. நாட்டைப் பிடித்த காகிதம் இப்போது காணியையும் பிடித்தது. ஒன்பது உத்தியோகத்தர் கை உயர்த்தும் சபையிலே நியமன அங்கத்தவர் அறுவரும் ஒருங்கே எதிர்த்தாலும் சட்டம் நிற்கும். பேசலாம், தடுக்க இயலாது. ஏகாதிபத்தியம் சுதேசிகளுக்குக் கொடுத்த ஆசனங்கள் எங்கும் இத்தகையனவே.

சபையிலே கை கட்டப்பட்டிருந்தவருக்கு எழுதுகோல் மட்டும் கட்டப்படவில்லை. 1841ஆம் ஆண்டில் உதயாதித்தன் என்னும் தமிழ் மாத இதழை அவர் நடத்தினார். அமெரிக்க மிஷனாரின் உதயதாரகை யாழ்ப்பாணத்தில் தோன்றியதும் அவ்வாண்டிலேயே. இலண்டன் றோயல் ஆசியக் கழகத்தின் சஞ்சிகைக்குப் பரதவரின் வரலாற்றையும், புத்தளப் பகுதியைச் சார்ந்த தம்மன்ன நுவரையின் இடிபாடுகளைப் பற்றிய குறிப்புகளையும் எழுதினார். 1845ஆம் ஆண்டில் அக்கழகத்தின் கிளை இலங்கையில் அமைந்தபின், அதன் சஞ்சிகையிலே உமறுப்புலவரின் சீறாப்புராணத்தை ஆராய்ந்து எழுதினார். கிறிஸ்தவர் ஒருவர், தம் அயலவராகிய முஸ்லிம்கள் போற்றும் தமிழ்க் காப்பியத்தை உலகுக்கு எடுத்துக்காட்டினார். முன்னேஸ்வர மணியோசையும் பள்ளிவாசலின் பாங்கொலியும் தேவாலய மணியும் ஒருங்கே கேட்கும் நம் கரையில் வாழ்ந்தவருக்கு இது இயல்பாகவே அமைந்திருத்தல் வேண்டும்.

1845ஆம் ஆண்டில் சபை ஆசனத்தை விட்டு நீங்கி, இலங்கைச் சிவில் சேவையில் அவர் சேர்ந்தார். பெரும்பாலும் வெள்ளையரே நிறைந்திருந்த அச்சேவையில் முதன்முதலில் இடம்பெற்ற இலங்கையருள் அவரும் ஒருவர். பின்னர் சிலாபத்தில் மாவட்ட நீதிபதியானார். இளமையில் பிறர் தீர்ப்பை மொழிபெயர்த்தவர், முதுமையில் தாமே தீர்ப்பு வழங்கினார்.

அவருடைய வாழ்வின் முடிமணியாக அமைந்தது 1859ஆம் ஆண்டில் யாழ்ப்பாணத்தில் அச்சான தமிழ் புளூட்டாக். மேல்நாட்டுப் பெரியார்களின் சரிதங்களை எழுதிய கிரேக்க ஆசிரியர் புளூட்டாக்கின் பெயரைத் தாங்கிய அந்த ஆங்கில நூல், ஏறக்குறைய இருநூறு தமிழ்ப் புலவர்களின் வரலாறுகளைக் கூறுகின்றது. திருவள்ளுவரும் ஔவையாரும் கம்பரும், உமறுப்புலவரும் வீரமாமுனிவரும், நல்லூர்ச் சின்னத்தம்பிப் புலவரும் அதிலே ஒரே பந்தியில் அமர்ந்திருக்கின்றனர். செவிவழிக் கதைகளை அவர் ஏற்றுக்கொண்ட இடங்களும், காலக் கணிப்பில் பிற்கால ஆராய்ச்சியாளர் திருத்திய இடங்களும் அந்நூலில் உண்டு. ஆயினும் முதல் வழி வெட்டுபவன் காலில்தான் முள் தைக்கும். ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளையின் பாவலர் சரித்திர தீபகம் 1886ஆம் ஆண்டில் வெளிவந்தது இந்த வழியிலேயே. தெ. பொ. மீனாட்சிசுந்தரனாரின் குறிப்புகளோடு 1946ஆம் ஆண்டில் தமிழ் புளூட்டாக் மறுபதிப்பும் பெற்றது. நூல் வெளிவந்த மறு ஆண்டு, 1860 நவம்பர் 5ஆந் தேதி, ஐம்பத்துமூன்றாவது வயதில், காசிச்செட்டி அவர்கள் இவ்வுலக வாழ்வை நீத்தார்.

இனி, தொடக்கத்திற் கண்ட கேள்விக்கு வருவோம். காசிச்செட்டி அவர்கள் அந்நிய ஆட்சியை எதிர்த்த வீரரல்லர். அவர் காலத்திலேயே வாழ்ந்த நல்லை நகர் ஆறுமுக நாவலர், மிஷன் பாடசாலையில் பெற்ற பயிற்சியைக்கொண்டே சைவத்துக்கு அரண் அமைத்தார். 1848ஆம் ஆண்டில் வண்ணார்பண்ணையிலே சைவப் பாடசாலை கண்டார். காசிச்செட்டி அவ்வழியில் செல்லவில்லை. ஆட்சியாளரின் சம்பளம் பெற்றார், அவர்களுக்குத் தெரிய வேண்டியதைத் தெரிவித்தார். இதை மூடி மறைத்து அவரைப் புகழ்வது அவருக்கே நீதியாகாது. ஆனால் வேறொன்றையும் கூறாவிடின் நமக்கு நீதியாகாது. காகிதத்தாலே நாடு இழந்த மக்களுக்கு, காகிதத்திலே தம் பெயரை எழுதிக்கொள்ளும் வழியை அவர் காட்டினார். ஆளுவதற்கென்று பிறர் கொடுத்த கருவியைத் தம் மக்களை நினைவில் நிறுத்துவதற்கும் பயன்படுத்தினார். 1931ஆம் ஆண்டில் சர்வசன வாக்குரிமையும் 1948ஆம் ஆண்டில் சுதந்திரமும் வந்தன, தேசாதிபதிகள் போயினர். அவர் எழுதியவை இன்றும் ஆராய்ச்சியாளர் மேசையில் இருக்கின்றன. சைவர் போற்றும் புலவர்களின் சரிதங்களை ஒரு கிறிஸ்தவர் காத்துத் தந்திருக்க, அவரை நினைப்பது சைவருக்குக் கடனல்லவா?

மிஷன் பாடசாலையிலே படித்த நாட்களில் ஆங்கில மன்னர்களின் பெயர்களை வரிசை பிசகாமல் ஒப்புவித்தோம். கற்பிட்டியின் மகனைப் பற்றி ஒரு வரியும் கேட்டதில்லை. பாடசாலையை மட்டும் நொந்து பயனில்லை. நம் வீடுகளிலும் அவர் பெயரைச் சொல்வாரில்லை. கற்பிட்டி, முந்தல், உடப்பு, முன்னேஸ்வரம் என்று நீளும் இக்கரையின் கோயில் வரலாறுகளும், கரைவலைப் பாட்டுகளும், பழைய காணி உறுதிகளும் இன்றும் முதியோரின் நெஞ்சிலும் பெட்டியிலுமே கிடக்கின்றன. ஒரு முதியவர் மறையும்போது ஓர் ஏட்டுச்சுவடி எரிகின்றது. சங்கத்து இளைஞர்காள்! ஆளுக்கொரு கொப்பியும் பேனாவும் எடுத்து, உங்கள் ஊர்ப் பெரியவர் ஒருவரின் திண்ணையில் போய் அமருங்கள். பெரியோர்களே, அவர்கள் கேட்பதற்கு முன்னமே கூறத் தொடங்குங்கள். இருபத்தேழு வயதில் இலங்கை முழுவதையும் எழுதி முடித்த ஒருவர் பிறந்த கரையிலே, தத்தம் ஊரையாவது எழுதி வைப்பதே அன்னாருக்கு நாம் செய்யும் உண்மையான அஞ்சலியாகும்.