காந்தமும் கடிகாரமும்: சர் கே. எஸ். கிருஷ்ணன்



காந்தத்தால் காலத்தைப் பின்னால் ஓட்ட முடியுமா? சினிமாவில் முடிகிறது. பெரிய காயில், நீல வெளிச்சம், ஒரு சுவிட்சு. கதாநாயகன் பத்து வருஷம் பின்னால் போய் நிற்கிறான். இது நடக்குமா நடக்காதா என்று விடுதியில் ஒரு ராத்திரி முழுக்க வாதாடினோம். மறுநாள் லேபில் நான் செய்த காரியம்தான் இந்தக் கட்டுரைக்குக் காரணம்.

என் கையில் இருப்பது அப்பாவின் வாட்ச். சாவி கொடுக்கிற பழைய வாட்ச். மல்லாட்டை விற்ற காசில் வாங்கியது. நான் டிப்ளமோ சேர்ந்த அன்று கழற்றி என் கையில் கட்டினார். அதை மின்காந்தத்தின் பக்கத்தில் கொண்டுபோய் வைத்தேன். சாயங்காலத்துக்குள் அரை மணி நேரம் கூடுதலாக ஓடிவிட்டது! நான் எதிர்காலத்துக்குப் போய்விட்டதாக நண்பர்கள் கேலி செய்தார்கள். எனக்கோ வயிற்றைக் கலக்கியது.

திண்டிவனம் பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் ஒரு வாட்ச் ரிப்பேர் கடைக்காரர் மூடியைத் திறந்து காட்டினார். உள்ளே ஹேர் ஸ்பிரிங்கில் காந்தம் ஏறி, சுருள்கள் ஒன்றோடொன்று ஒட்டியிருந்தன. ஸ்பிரிங்கின் நீளம் குறைந்த மாதிரி ஆகிவிட, சக்கரம் வேகமாக ஆடியிருக்கிறது. ஏசி கரண்ட் ஓடும் ஒரு சின்ன காயிலுக்குள் வாட்சை வைத்து, மெல்ல வெளியே இழுத்தார். சரியாகிவிட்டது. ஆக, வேகம் மாறியது வாட்சுக்குத்தான், காலத்துக்கு இல்லை.

காந்தத்தை முறையாக ஆராய்ந்த நம்ம ஊர்க்காரர் யாராவது உண்டா என்று நூலகத்தில் தேடினேன். கிடைத்தவர் சர் கே. எஸ். கிருஷ்ணன்.

1898 டிசம்பர் 4 அன்று, இன்றைய விருதுநகர் மாவட்டத்து வத்திராயிருப்பில் பிறந்தார். அப்பா விவசாயி, தமிழ் நூல்களில் தோய்ந்தவர். மதுரை அமெரிக்கன் கல்லூரி, சென்னை கிறித்துவக் கல்லூரி என்று படிப்பு நடந்தது. கிறித்துவக் கல்லூரியிலேயே வேதியியல் டெமான்ஸ்ட்ரேட்டர் வேலையும் பார்த்தார். இயற்பியல் ஆசை அவரைக் கல்கத்தாவுக்கு இழுத்தது. 1923-ல் சர் சி. வி. ராமனிடம் ஆராய்ச்சியாளராகச் சேர்ந்தார்.

1928-ல் இருவரும் சேர்ந்து, ஒளி திரவத்தில் பட்டுச் சிதறும்போது அதன் நிறம் சிறிது மாறுவதைக் கண்டார்கள். நேச்சர் பத்திரிகையில் வந்த முதல் அறிவிப்பில் இருவர் பெயரும் உண்டு. ஆனால் அதற்குப் பெயர் ராமன் விளைவு. 1930-ல் நோபல் பரிசும் ராமனுக்கு மட்டும்தான்.

கிருஷ்ணன் அங்கேயே நின்றுவிடவில்லை. 1928-லேயே டாக்கா பல்கலைக்கழகத்துக்குப் போய், புதிதாகக் காந்தத்தைக் கையில் எடுத்தார். ஒரு சின்னப் படிகத்தை மெல்லிய இழையில் கட்டி, காந்தத்தின் இரண்டு துருவங்களுக்கு நடுவில் தொங்கவிடுவார். படிகம் தானாகத் திரும்பும். ஏனென்றால் அதன் காந்தத் தன்மை எல்லாத் திசையிலும் ஒன்றாக இருப்பதில்லை. இழை எவ்வளவு முறுக்கேறுகிறது என்று அளந்தே, படிகத்துக்குள் மூலக்கூறுகள் எந்தப் பக்கம் சாய்ந்து கிடக்கின்றன என்று கணக்கிட்டார். ஒரு இழை, ஒரு காந்தம், நிறையப் பொறுமை! இந்த வேலை அவரை 1940-ல் லண்டன் ராயல் சொசைட்டி உறுப்பினராக்கியது. 1946-ல் சர் பட்டமும் வந்தது.

சுதந்திரம் வந்த 1947-ல் புதுடில்லி தேசிய இயற்பியல் ஆய்வுக்கூடத்தின் முதல் இயக்குநரானார். மீட்டர், கிலோகிராம், வினாடி என்று நாட்டின் அளவுகளுக்கெல்லாம் அதுதான் தாய்வீடு. 1954-ல் பத்மபூஷண், 1958-ல் முதல் பட்நாகர் பரிசு. 1961 ஜூன் 14 அன்று காலமானார்.

இந்திய நேரத்தைக் காத்துத் தருவது அதே ஆய்வுக்கூடம்தான். அவர் காலத்துக்குப் பின் அங்கே அணுக் கடிகாரங்கள் வந்தன. சீசியம் அணு 919,26,31,770 முறை அதிர்கிற நேரம்தான் ஒரு வினாடி என்று 1967-ல் உலகம் ஏற்றுக்கொண்டது. அந்தக் கடிகாரங்களின் பழைய வகையில், வேண்டிய அணுவை வேண்டாத அணுவிலிருந்து பிரித்துக் கொடுப்பது எது தெரியுமா நண்பர்களே? காந்தம்! காந்தத்தால் காலத்தைத் திருப்ப முடியாது. ஆனால் அளக்க உதவ முடியும்.

காலத்தைத் திருப்பும் காந்தம் ஒன்று இருந்தால் நான் எங்கே போவேன் என்று யோசித்தேன். அப்பா மூன்றாம் வகுப்போடு பள்ளியை விட்டுக் கழனிக்குப் போன நாளுக்குத்தான் போவேன். பையை மறுபடி அவர் தோளில் மாட்டுவேன். அது நடக்காது. அவர் விட்ட படிப்பை நான் படிக்கலாம். அது மட்டும்தான் என் கையில் இருக்கிறது. பெயர் வருமா என்று பார்க்காமல் அடுத்த வேலையை எடுத்த கிருஷ்ணன் எனக்கு அதைத்தான் சொல்லிக் கொடுத்தார்.

வாட்ச் இப்போது சரியாக ஓடுகிறது. லேபுக்குள் நுழையும் முன் கழற்றிப் பையில் வைத்துவிடுகிறேன். நடந்ததை அப்பாவிடம் இன்னும் சொல்லவில்லை. இந்த மலர் வந்ததும் ஊருக்கு எடுத்துப்போய் அவருக்குப் படித்துக் காட்டப்போகிறேன். அப்போது தெரிந்துகொள்ளட்டும்.