எடித் அபட் அம்மையார்

அமெரிக்க நாட்டின் நெபிராஸ்கா மாநிலத்தில், கிராண்டு ஐலண்டு என்னும் ஊரில், 1876ஆம் ஆண்டில் எடித் அபட் பிறந்தார். அவருடைய அன்னையார் பெண்களின் வாக்குரிமைக்காக உழைத்தவர். இளமையில் குடும்பம் வறுமையுற்றமையால், எடித் ஆசிரியப் பணி செய்துகொண்டே கற்றார். 1905இல் சிகாகோவில் டாக்டர் பட்டம் பெற்றார்.

பெண்கள் ஆலைகளிற் புகுந்து ஆடவரின் தொழிலைப் பறித்தனர் என்று அக்காலத்தில் பலர் குறை கூறினர். அம்மையார் பழைய ஆவணங்களை ஆராய்ந்தார். நூல் நூற்றல் முன்னரே பெண்கள் இல்லத்திற் செய்துவந்த தொழில். அத்தொழில் ஆலைக்குச் சென்றபோது பெண்களும் உடன் சென்றனர். இவ்வுண்மையைத் 'தொழில்துறையில் பெண்கள்' என்னும் நூலில் 1910இல் விளக்கினார்.

பள்ளிக்கு வாராத சிறுவரைச் சோம்பேறிகள் என இகழ்தல் எளிது. அம்மையாரோ, பிரெக்கின்ரிட்ஜ் என்னும் தோழியாருடன் அச்சிறுவரின் இல்லங்களின் நிலையை ஆராய்ந்தார். வறுமையும் நோயுமே பலரைத் தடுத்தன எனக் கண்டு, 1917இல் நூலாக வெளியிட்டார். சிறுவரை ஒறுப்பதினும் வீட்டின் துயர் துடைப்பதே அறிவுடைமை அன்றோ?

ஈகை மட்டும் போதாது. ஆராய்ச்சியும் சட்டமும் வேண்டும் என்பது அவர் கொள்கை. 1924 முதல் 1942 வரை சிகாகோ பல்கலைக்கழகத்தின் சமூகப்பணிக் கல்விநிலையத்திற்குத் தலைமை தாங்கிப் பலரைப் பயிற்றினார். 1935இல் நிறைவேறிய சமூகப் பாதுகாப்புச் சட்டம் உருவாக, அவரும் தங்கை கிரேசும் துணைநின்றனர்.

அம்மையார் 1957இல் மறைந்தார். பழங்கால ஏடுகளைப் புரட்டிய அவர், தம் காலத்து ஏழையரின் கண்ணீரை மறந்தாரில்லை. உண்மையை ஆராய்ந்தறிந்த பின்னரே பிறரைக் குறித்துத் தீர்ப்புக் கூறவேண்டும் என்பதே அவர் வாழ்க்கை நமக்குப் புகட்டும் பாடமாகும்.